ஆயிரத்து நானூறு அடிச் சூப்பான்

வருகிற திங்கட்கிழமையை நினைத்தாலே கோகிலவாணிக்குப் பயமாக இருந்தது. அன்றைக்குத்தான் மூணு வருசம் கழித்துப் பனியன் கம்பெனிக்குத் திரும்ப வேலைக்குப் போகிறாள். மகள் மகிழினியும் அன்றைக்கே முதல் தடவையாகப் பிளே ஸ்கூலுக்குப் போகிறாள். அந்த ஸ்கூல் மிஸ் கறாராகச் சொல்லிவிட்டாள், வாயில் ரப்பர் சூப்பானோடு வந்தால் கேட்டிலேயே திருப்பி அனுப்பிவிடுவோம் என்று. பிள்ளை திரும்பி வந்தால் இவள் வேலை அவ்வளவுதான். கம்பெனியில் ஏற்கெனவே ரெண்டு தடவை தேதி தள்ளி வாங்கியாயிற்று.

ரெண்டரை வயசு மகிழினியோ அந்த நீலச் சூப்பானைத் தூக்கத்திலும் விடமாட்டாள். சோறு தின்னும்போது மட்டும் கடைவாய்க்கு ஒதுக்கிக்கொள்வாள். கோகிலா வேப்பெண்ணெய் தடவிப் பார்த்தாள். பிள்ளை சப்புக்கொட்டிவிட்டு, இன்னும் கொஞ்சம் தடவு என்று நீட்டியது. காக்கா தூக்கிட்டுப் போயிருச்சு என்று ஒளித்து வைத்தாள். பிள்ளை போட்ட அலறலில் தெருவே கூடிவிட்டது, எந்த வீட்டில் என்ன கொலை என்று கேட்டுக்கொண்டு.

அந்த ஞாயிற்றுக்கிழமை காலையில்தான் மாமனாரின் தம்பி பொன்னுச்சாமி, சம்சாரம் சரஸ்வதியோடு ஒரு வாரம் தங்க விருந்துக்கு வந்து சேர்ந்தார். முப்பது வருசமாக போர்வெல் வண்டியில் ஊர் ஊராகப் போய் பூமிக்கு ஓட்டை போட்ட மனுசர். மழைக்காலமானதால் வண்டி ஷெட்டில் நின்றது, வாய் மட்டும் நிற்கவில்லை.

"இதெல்லாம் ஒரு சூப்பானா அம்முணி?" என்று நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். "வடக்க பாலைவனத்துல நாங்க போர் போட்ட ஊர்ல ஒரு கொழந்த இருந்துச்சு. அது சூப்பான இழுத்தா மூணு ஊரு தள்ளிக் கேக்கும். பஸ்காரங்க லாரி ஆரன்னு நெனச்சு ஓரங்கட்டுவாங்க."

"ஆரம்பிச்சாச்சு," என்றாள் சரஸ்வதி, வெங்காயம் உரித்துக்கொண்டே.

"நீ சும்மா இரு. ஆயிரத்து நானூறு அடி போயாச்சு, புழுதிதான் வருது. தோட்டத்துக்காரர் தலைல கைய வெச்சு உக்காந்துட்டாரு. அப்பத்தான் இந்தக் கொழந்த தவந்துட்டு வருது. குழாயப் பாத்துச்சு. பெரிய சூப்பான்னு நெனச்சு வாய வெச்சிருச்சு."

"ஏழு இன்ச்சுக் குழாய் பச்சப்புள்ள வாயில எப்பிடிப் போவும்?"

"கொட்டாவி உடற நேரம் பாத்து வெச்சுது. ஒரே இழு. மொதல்ல காத்து வந்துச்சு. அப்பறம் மண்ணு. அப்பறம் ரெண்டு வருசத்துக்கு முன்னால நான் வேற ஊரு போருல தவறவிட்ட சுத்தியல் வந்துச்சு, புடியில என் பேரோட. அதுக்குப் பொறவுதான் தண்ணி."

கோகிலாவுக்கு எரிச்சலாக வந்தது. நாளைக்குப் பிழைப்பு என்னாகும் என்று இவள் தவிக்கிறாள், இந்த மனுசருக்கு வேடிக்கை. "கடைசில அது சூப்பான உட்டுச்சா இல்லீங்களா மாமா, அதச் சொல்லுங்," என்றாள்.

"லேசுல உடுமா? உறிஞ்சுன உறிஞ்சுல அஞ்சு ஊர்க் கெணறு வத்திப்போயி சனம் தடியத் தூக்கிட்டு வந்துருச்சு. குழாய உருவுனா, தன்னோட பழைய சூப்பான எடுத்து வாயில வெச்சுக்கிச்சு. சரின்னு அந்தச் சூப்பான் வளையத்துல கயித்தக் கட்டி, வண்டில மாட்டி, கியரப் போட்டேன். ரப்பரு இழுபடுது, நானும் போறேன். ரெண்டு நாளு, ரெண்டு மாநிலம் தாண்டிட்டேன். டோல்கேட்டுல சீட்டு வாங்கறதுக்கு நெட்டிப் புடிச்ச பிரேக்க விட்டனா, கண்ண மூடித் தொறக்கறேன், கொழந்தைக்கு முன்னால நிக்கறேன். வண்டி, நானு, சீட்டு குடுத்த ஆளு, எல்லாரும்."

"பாவம், அந்த ஆளு ஊடு போய்ச் சேந்தானா?" என்றாள் சரஸ்வதி.

"எங்க போறது? அங்கயே கண்ணாலம் கட்டி ரெண்டு புள்ளைங்க."

"அப்பறம்?"

கேட்டது கோகிலா இல்லை. சரஸ்வதியும் இல்லை. மூணு பேரும் திரும்பிப் பார்த்தார்கள். மகிழினி வாயைப் பிளந்து உட்கார்ந்திருக்கிறாள், சூப்பான் எச்சிலோடு மடியில் கிடக்கிறது.

பொன்னுச்சாமி ஒரு வாய் டீ குடிக்க டம்ளரை எடுத்தார். பிள்ளையின் கை மெல்லச் சூப்பானைத் தேடியது. கோகிலா பாய்ந்து அவர் கையிலிருந்து டம்ளரைப் பிடுங்கிவிட்டாள். "நிறுத்தாதீங் மாமா, உங்க காலுல உழுகறேன். அந்த ஊர்ல ஒட்டகம் ஒண்ணு இருந்துச்சுங்களே, அது என்னாச்சு?"

அவர் எந்த ஒட்டகத்தையும் சொல்லியிருக்கவில்லை. ஆனாலும் அசரவில்லை. ஒட்டகம் வந்தது. அந்தக் குழந்தை ஒட்டகத்தின் திமிலைச் சூப்பிச் சூப்பிக் குதிரையாக்கியது. மேகத்தைச் சூப்பியதில் ஊருக்கு மேலே ஒரு வாரம் வெறும் வெயில். மத்தியானம் ஒரு மணிக்கு நிலாவைப் பாதி சூப்பி முடித்திருந்தபோது மகிழினி வாய் திறந்தபடியே தூங்கிப்போனாள். கோகிலாவுக்குச் சந்தோசத்தில் அழுகையே வந்துவிட்டது. சூப்பானை எடுத்துச் சாக்கடையில் வீசிவிட்டு வந்து, மாமாவுக்கு இன்னும் ரெண்டு கரண்டி கறி அள்ளி வைத்தாள்.

திங்கட்கிழமை மகிழினி பொன்னுச்சாமியின் விரலைப் பிடித்துக்கொண்டு ஸ்கூலுக்குப் போனாள். மிஸ் வாயைப் பார்த்துவிட்டு உள்ளே விட்டாள். ஆனால் விரலை உருவியதும் பிள்ளை போட்ட கூச்சலில் பக்கத்துக் கல்யாண மண்டபத்தில் மேளத்தை நிறுத்தினார்கள். வேறு வழியில்லாமல் மாமாவும் ஒரு குட்டி நாற்காலியில் உட்கார வேண்டியதாயிற்று. மூணே நாளில் வகுப்பிலிருந்த பதினெட்டுப் பிள்ளைகளும் அவர் இல்லாமல் சோறு தின்ன மாட்டோம் என்று சொல்லிவிட்டன.

வியாழக்கிழமை மழை விட்டது. சனிக்கிழமை வண்டி வடக்கே கிளம்புகிறது, வந்து சேருங்கள் என்று முதலாளியிடமிருந்து போன் வந்தது. கோகிலா வேலை முடிந்து நேராக வீட்டுக்கு, சரஸ்வதியிடம் ஓடினாள்.

"சூப்பான உட்டுட்டு இப்ப மாமாவப் புடிச்சுக்கிச்சுங் அத்தை. இத எப்பிடி மறக்கடிக்கறது? வேப்பெண்ணெய் ஏதாச்சும் தடவலாமுங்களா?"

சரஸ்வதி முறத்திலிருந்து தலையைத் தூக்கவில்லை. "கண்ணாலமான மொத வருசமே அவரு வாயில தடவிப் பாத்துட்டேன் கண்ணு. இன்னும் கொஞ்சம் தடவுன்னாரு."