சும்மா நாள்

ஒன்பதாம் மாதத்தின் ஏழாம் நாள், பகல் பதினான்காம் நாழிகை. விடியலிலிருந்து பெய்த தூறல் நின்றிருந்தது. வெயில் இன்னும் வரவில்லை.

இருநிலா நாட்டின் மணிக்கூடத்தில் ஆசான் வெண்ணி பட்டாணி உரித்துக்கொண்டிருந்தார். அவருக்கு நாற்பத்தொரு வயது. எதிரே அமர்ந்திருந்த சீடர் கொற்றருக்கு ஐம்பத்தெட்டு. பாலம் கட்டும் தச்சராக இருந்துவிட்டு நாள் கணிக்கக் கற்க வந்தவர் அவர். அளவு ஒரு நூல் பிசகினாலும் அவருக்குச் சோறு இறங்காது.

அந்த நாட்டில் ஆண்டுக்குப் பதினைந்து மாதங்கள், மாதத்துக்கு இருபத்துநான்கு நாட்கள். அத்தனையும் முடிந்த பிறகும், இரண்டு நிலாக்களும் ஒன்றாக எழுவதற்கு ஒரு நாள் குறையும். அந்த ஒரு நாளை ஆண்டின் எந்த இடத்திலும் வைக்கலாம். வைப்பது ஆசானின் உரிமை. அன்று விடியலில் மணி ஒலிக்காது. மணி ஒலிக்காத நாளுக்குத் தேதி கிடையாது. தேதி இல்லாததால் சந்தை கூடாது, படகு புறப்படாது, யாருக்கும் வயது ஏறாது. ஏடுகளில் அதன் பெயர் எண்ணாநாள். ஊரார் அதைச் சும்மா நாள் என்பார்கள்.

மறுநாள் விடியலில் மணி ஒலித்ததும் தென்தீவுப் படகு புறப்பட இருந்தது. கொற்றரின் ஒரே மகள் அலரி அதில் போகிறாள். தீவின் கலங்கரை விளக்கம் இனி அவள் பொறுப்பு. அந்தப் படகு திரும்பி வர ஆறு ஆண்டுகள் ஆகும். அவ்வாண்டின் எண்ணாநாளோ இன்னும் வைக்கப்படவில்லை.

"அம்மா, ஒரு சந்தேகம்" என்றார் கொற்றர்.

"கேளுங்கள்."

"எண்ணாநாளை எந்த விதிப்படி வைக்கிறீர்கள்? பதினோரு ஆண்டு ஏடுகளைப் புரட்டிவிட்டேன். காரணம் எழுத வேண்டிய கட்டம் ஒவ்வோர் ஆண்டும் வெறுமையாக இருக்கிறது."

"எழுத இடம் போதவில்லை."

"கட்டம் என் உள்ளங்கை அகலம் இருக்கிறது, அம்மா."

வெண்ணி சிரித்தார். "போன ஆண்டு அந்த நாளை எதற்காக வைத்தேன் என்று ஊரில் மூன்று பேரைக் கேட்டு வாருங்கள்."

தறிக்காரி மாசாத்தி இடுப்பிலிருந்த குழந்தையைக் காட்டினாள். "இவனுக்காகத்தான். அன்னைக்குப் பிறந்தான். தேதியே இல்லாத பிள்ளை. இவனுக்கு வயசு ஏறுறதை நான் பார்க்க வேண்டாம் பாருங்க!"

துடுப்புக்காரன் பொத்தன் குரலைத் தாழ்த்தினான். "முந்தின நாள் மச்சினன் கல்யாணம். கள்ளு கொஞ்சம் கூடிப்போச்சு. அன்னைக்கு மட்டும் மணி அடிச்சிருந்தா என் மண்டை ரெண்டாப் போயிருக்கும். ஆசான் தங்கமான மனுஷி."

விளக்கெண்ணெய் விற்கும் நாகை அளவைக் கிண்ணத்தைக் கீழே வைத்தாள். "அன்னைக்குப் பூராவும் என் வீட்டுக்காரர் பேசிக்கிட்டே இருந்தார். மறுநாள் மணி அடிச்சப்போ போயிட்டார்."

இருபத்துமூன்றாம் நாழிகையில் கொற்றர் மணிக்கூடத்துக்குத் திரும்பினார். பட்டாணி உரித்து முடிந்திருந்தது.

"மூன்று பேர், மூன்று காரணங்கள். எது உண்மை?"

"அன்று எனக்குக் கடும் காய்ச்சல். மணிமேடை ஏற முடியவில்லை."

கொற்றர் நின்றபடியே இருந்தார். பிறகு மெல்ல அமர்ந்தார்.

"அப்படியென்றால் விதி என்று ஒன்றும் இல்லையா?"

"விதியைத் தேடியா பதினோரு ஏடுகளைப் புரட்டினீர்கள்?"

கொற்றர் தரையைப் பார்த்தார். அங்கே ஒரு பட்டாணி உருண்டு கிடந்தது. அதை எடுத்துக் கிண்ணத்தில் போட்டார்.

"விதி ஏதாவது இருந்து, அது நாளை விடியலில் வந்து விழுந்தால் என்று பார்த்தேன்."

"விழுந்தால்?"

"அலரி இன்னும் ஒரு நாள் வீட்டில் இருப்பாள்."

"இருப்பாள். அவளிடம் கடைசியாக எப்போது பேசினீர்கள்?"

"தீவுக்குப் போகிறேன் என்று அவள் சொன்ன அன்று. என்னைக் கேட்காமலே முடிவு செய்துவிட்டாள், அம்மா."

"எத்தனை நாள் ஆகிறது?"

அவர் எண்ணிப் பார்க்க வேண்டியிருக்கவில்லை. "பத்து."

"நாளை நான் மணி அடிக்காவிட்டால் பதினொன்று."

கொற்றரால் தம்மை அடக்க முடியவில்லை. "எண்ணாநாள் கணக்கில் சேராதே!"

"ஏட்டில் சேராது" என்றார் வெண்ணி. "அலரி எண்ணுவாள்."

கொற்றர் எழுந்தார். வேகமாக வீட்டை நோக்கிப் போனார். செருப்புகள் வாசலிலேயே கிடந்தன.

மறுநாள் விடியலில் தென்காற்று வீசியது. வானில் மேகம் இல்லை. கொற்றர் மகளின் மரப்பெட்டியைத் தலையில் சுமந்து துறைக்கு வந்தார், வெறுங்காலோடு. கடற்காற்றில் கதவு அடித்துக்கொள்ளாமல் இருக்க எங்கே ஆப்பு வைக்க வேண்டும் என்று அவர் சொல்லிக்கொண்டே வந்தார். கலங்கரை விளக்கத்தின் கதவை அப்பா பார்த்ததே இல்லையே என்று அலரி மறுத்துக்கொண்டே வந்தாள். படகில் ஏறிய பிறகும் அந்தப் பேச்சு முடியவில்லை. பொத்தன் துடுப்பைக் கையில் பிடித்தபடி மணிமேடையைப் பார்த்துக் கொட்டாவி விட்டான்.

மேடை மேலிருந்து வெண்ணிக்குத் துறை நன்றாகத் தெரிந்தது. கயிற்றைப் பிடித்துக்கொண்டு நின்றார். பிறகு மணியை அடித்தார். கீழே இறங்கி வந்து ஏட்டைத் திறந்து, எட்டாம் நாள், மணி அரை நாழிகை தாமதம் என்று எழுதினார். காரணக் கட்டத்தை விட்டுவிட்டு ஏட்டை மூடினார்.