ஏழு நாளும் அழுத குரங்கு

பிலிப்பைன்ஸ் தீவு ஒன்றில் ஒரு காடு. காட்டின் நடுவே ஓர் ஆறு. இந்தக் கரையில் குடியிருப்பு, அந்தக் கரையில் கிழங்கு. ஒவ்வொரு மழைக்காலத்திலும் ஆற்றில் இறங்கிய யாராவது ஒருவர் திரும்பி வரமாட்டார். ஒரு பாலம் போட்டால் தீர்ந்தது. அவ்வளவுதான் விஷயம், குழந்தைகளே. ஆனால் நடந்ததைக் கேளுங்கள்.

அந்தக் காட்டில் யார் செத்தாலும் ஏழு நாள் துக்கம். காடே வந்து உட்கார்ந்திருக்கும். காசியானோ என்ற குரங்கு ஏழு நாளும் வரும். கையில் ஒரு சீப்பு வாழைப்பழம். வாசலிலேயே அழத் தொடங்கிவிடும். செத்தது யார் என்று பிறகுதான் விசாரிக்கும்.

"என்ன இளகிய மனசு!" என்றன விலங்குகள்.

அந்த மனசுக்காக முதலில் அதை நாலு மரத்துக்குத் தலைவராக்கின. பிறகு காட்டுச் சபையில் உறுப்பினராக்கின. பிறகு காட்டுக்கே தலைவராக்கின.

பதவி ஏற்ற அன்று காசியானோ ஆற்றங்கரையில் ஒரு பலகை நட்டது. "பாலம் வருகிறது" என்று எழுதியிருந்தது. எழுத்தைவிட அதில் வரைந்திருந்த காசியானோவின் முகம் பெரிது.

மூன்று வருடம் போனது. பாலம் வரவில்லை. மறுபடியும் அதையே தேர்ந்தெடுத்தன. காசியானோ பலகைக்குப் புது வண்ணம் பூசியது. இன்னொரு தடவையும் தேர்ந்தெடுத்தன.

குரங்குக்குப் பாலம் எதற்கு? கிளைக்குக் கிளை தாவிப் போய்விடும். எனக்குத் தெரிகிறது, உங்களுக்கும் தெரிகிறது. அதுகளுக்குத் தெரியவில்லை.

தொடர்ந்து மூன்று தடவைக்கு மேல் ஒருவரே தலைவராக இருக்கக் கூடாது என்பது அந்தக் காட்டுச் சட்டம். ஒன்பது வருடம் முடிந்தது. தொல்லை விட்டது என்று நினைக்கிறீர்களா? காசியானோ தன் மனைவி லுமினாதாவைத் தேர்தலில் நிறுத்தியது.

எதிர்த்து நின்றது தினோங் என்ற எருமை. மேடைப் பேச்சு வராது. வேலை தெரியும். விழுந்து கிடந்த மூன்று மரங்களைத் தனி ஆளாக இழுத்துவந்து கரையில் போட்டிருந்தது. ஆற்றின் குறுக்கே தூக்கி வைக்கத்தான் பத்துப் பேர் வேண்டும். கூப்பிடப் போனால் எல்லோரும் ஏதாவது ஒரு துக்க வீட்டில்.

எருமை, இசாங் என்ற காட்டுப்பன்றியிடம் ஓட்டுக் கேட்கப் போனது. இசாங்கின் மூத்த குட்டியைப் போன வருடம் ஆறு கொண்டுபோயிருந்தது. மிச்சம் ஒரே ஒரு குட்டி.

"அக்கா, நான் ஜெயிச்சா மழைக்கு முன்னால பாலம்."

"அது கிடக்கட்டும். என் பிள்ளை செத்தப்போ நீ எத்தனை நாள் வந்தே?"

"ஒரு நாள்."

"மிச்ச ஆறு நாள் எங்கே போனே?"

"மரம் இழுத்துக்கிட்டிருந்தேன் அக்கா."

"மரம் பெரிசாப் போச்சு உனக்கு! அவர் ஏழு நாளும் வந்தார். என்னைவிட அதிகமா அழுதார்."

"பாலம் இருந்தா பிள்ளை செத்தே இருக்காதே!"

"வாயை மூடு! துக்கத்துக்கு வந்தவரைக் குறை சொல்றியா?"

எருமை திரும்பி நடந்தது. வேறென்ன செய்யும்?

அன்று காசியானோ கிளையில் ஏறிப் பேசியது. "என் வீட்டுக்காரி ஜெயிச்சா என்ன மாறும்னு கேக்கறாங்க. ஒண்ணும் மாறாது!"

கைதட்டின. அதற்கும் கைதட்டின!

லுமினாதா ஜெயித்தது. எருமைக்கு விழுந்தது நாலே ஓட்டு.

மழை வந்தது. வயிறு கேட்குமா? இசாங் குட்டியை முதுகில் ஏற்றிக்கொண்டு ஆற்றில் இறங்கியது. நடு ஆற்றில் குட்டி வழுக்கி விழுந்தது.

"தலைவரே! என் பிள்ளை! என் பிள்ளை!"

மேலே காசியானோ அக்கரைக்குத் தாவிக்கொண்டிருந்தது. நின்று பார்த்தது. பிறகு முகத்தை மூடிக்கொண்டு அழ ஆரம்பித்தது.

எருமைதான் ஆற்றில் குதித்தது. இருட்டும்வரை தேடியது. குட்டி கிடைக்கவில்லை.

மறுநாள் துக்கத்துக்குக் காசியானோவும் லுமினாதாவும் வந்தன. கூடவே மகளையும் கூட்டி வந்தன. மகள் பராக்குப் பார்த்துக்கொண்டு நின்றது. காசியானோ அதன் தொடையில் ஒரு கிள்ளு கிள்ளியது.

"அழுடி. அம்மாவுக்கு அப்புறம் நீதான்."

மகள் வீல் என்று கத்தியது.

இசாங் தன் கண்ணைத் துடைத்துக்கொண்டு, அந்தக் குரங்குக் குட்டியை இழுத்து அணைத்துக்கொண்டது.

"பார்த்தீங்களா, என் பிள்ளைக்காக எப்படி அழறா! இவளையும் ஒரு நாள் தலைவராக்கிடணும்."

நீதி: செத்தபின் அழ வருகிறவருக்கு அல்ல, சாகாமல் காக்கிறவருக்கு ஓட்டுப் போடு.