ஓணானின் கழுத்து சிவந்த கதை

விளாத்திகுளத்துக்குத் தெற்கே ஒரு கரிமூட்டக் களத்தில், 1983 பங்குனியில், எரிக்க அடுக்கிய விறகு மூட்டத்துக்கு மண் பூசிக்கொண்டிருந்த பூவலிங்கம் சொல்லக் கேட்டது. பேச்சுகளை அவர் சொன்னபடியே தருகிறேன்.

அந்தக் காலத்தில், உயிர்களுக்கெல்லாம் ஒரே பேச்சு இருந்தபோது, கரிசல் காட்டை ஒரு வல்லூறு ஆண்டது. விடிந்ததும் எல்லா உயிர்களும் மொட்டைப் பனையடியில் கூட வேண்டும். "எல்லாரும் சுகந்தானா?" என்று அது மேலிருந்து கேட்கும். எல்லாரும் தலையாட்ட வேண்டும். ஆட்டாத தலையை மறுநாள் எவரும் கண்டதில்லை. எங்கே என்று கேட்டதுமில்லை.

கள்ளிவேலியில் ஓணானும் தவிட்டுக்குருவியும் அண்டை வீட்டார். ஒரு பகலில் வல்லூறு குருவியின் குஞ்சைத் தூக்கிப் போயிற்று. ஓணான் அதைக் கண்ணால் கண்டது.

"நாளைக்குக் கேக்கப் போறேன்ணே," என்றது குருவி. "ஆடாத தலை ஒண்ணுன்னா கொத்திருவான். ரெண்டுன்னா யோசிப்பான். நீங்க வாயே தொறக்க வேண்டாம். தலைய மட்டும் ஆட்டாம இருங்க."

"இதென்ன பெரிய காரியமா தாயி? சும்மா இருக்கத்தானே சொல்லுத?" என்றது ஓணான்.

மறுநாள் பனையடியில் குருவி கேட்டுவிட்டது: "எம் பிள்ளை எங்கே?"

வல்லூறு குருவியைப் பார்க்கவில்லை, ஓணானைப் பார்த்தது.

"ஏலே வேலிக்காரா, இவ குஞ்சு சீக்குல செத்துச்சு. அப்படித்தானே?"

ஓணான் தலையை ஆட்டியது. ஒருமுறை போதும், அது மூன்று முறை ஆட்டியது.

குருவி "அண்ணே" என்று மட்டும் சொன்னது. வல்லூறு இறங்கியது. ஓணானின் கழுத்தில் சிவப்பு ஏறியது.

காலம் போய், வல்லூறு கிழடாகிப் பனையிலிருந்து விழுந்து செத்தது. மற்ற உயிர்கள் தலையாட்டுவதை விட்டன. ஓணானால் முடியவில்லை. எவரும் கேட்காத கேள்விக்கு வேலிமேல் நின்று அது ஆமாம் ஆமாம் என்று ஆட்டிக்கொண்டிருப்பதும், ஆட்டும்போதே கழுத்து சிவந்துபோவதும் அன்று முதல்தான்.

அதே களத்தில் கரி அள்ளிய குருவம்மாள் இம்முடிவை ஏற்கவில்லை. அவர் கேட்ட கதையில் ஓணான் தலையாட்டவில்லை. குருவியோடு அதுவும் இரையானது. அப்படியானால் இன்று தலையாட்டும் ஓணான்கள் எங்கிருந்து வந்தன என்று கேட்டேன்.

"ஆட்டாத அந்த ஓணானுக்குத்தான் பிள்ளைகுட்டி இல்லாமப் போச்சே," என்றார். "இதெல்லாம் அன்னிக்குக் கூட்டத்துல நின்னு ஆட்டுன மத்த ஓணானுக பெத்தது."