ராசாவுக்கு மட்டும் ஒரு சுடர்ப்பண்

அல்லிநாட்டுக் கோயிலில் சுடர்ப்பண் என்றொரு வழிபாடு உண்டு. பாட்டு எழும்பினால் விளக்குச் சுடர்கள் நிறம் மாறிக் கூரைவரை ஆடும். ஊரே கைகூப்பிப் பார்க்கும்.

ராசா கோடைமாறனுக்கு அது பொறுக்கவில்லை. "இனி இதை நான் மட்டுந்தான் பார்க்கணும், கேட்கணும். வேறு யார் கண்ணிலாவது காதிலாவது பட்டால் கோயிலையே பூட்டிவிடுவேன்!" என்றான்.

பாடினால் தங்கள் கண்ணிலும் காதிலும் படுமே என்று பாடகர்கள் பின்வாங்கினார்கள். கடைசி வரிசையில் பாடும் பூவாத்தாள் மட்டும் முன்னே வந்தாள்.

"நான் பாடுறேன், ராசா. சனங்களை ஆத்துக்கு அக்கரை அனுப்பிடுங்க. என் கண்ணையும் கட்டி, காதையும் அடைச்சிடுங்க."

அப்படியே நடந்தது. பாட்டு முடிந்ததும் ராசா பூரித்துப்போய்ப் பூவாத்தாளின் காதடைப்பை எடுத்துவிட்டு, எல்லாரையும் கோயில் வாசலுக்குத் திரும்ப வரவழைத்தான். "மந்திரி! சுடரெல்லாம் என் காலில் விழுந்து வணங்கின, தெரியுமா?"

"தெரியாதே, ராசா. நாங்கள் அக்கரையில் அல்லவா இருந்தோம்!"

"பூவாத்தா, நீ சொல்!"

"என் கண்ணைத்தான் கட்டியிருக்கீங்களே. நீங்க சொல்றீங்க, நாங்க நம்பிக்கிறோம், ராசா."

கூட்டத்தில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். ராசாவின் முகம் சிவந்துவிட்டது. "திறவுங்கள் கதவை! எல்லாரும் உள்ளே வந்து பாருங்கள்!" என்று கத்தினான்.

ஊர் திமுதிமுவென்று உள்ளே நுழைந்தது. பூவாத்தாள் கண்கட்டை அவிழ்த்துவிட்டுப் பாடினாள். சுடர்கள் நீலமும் பொன்னுமாகக் கூரைக்கு எழுந்தன. ராசாவின் காலை ஒன்றுகூடத் தேடவில்லை. அவனும் கூட்டத்தோடு கூட்டமாகக் கைகூப்பினான்.