நலங்குக்கு நாலு நாள்

சொர்ணவல்லி அன்று தியானத்தில் மூன்று முறை எழுந்தாள். ஒரு முறை தண்ணீர் குடிக்க. ஒரு முறை ஜன்னலைச் சாத்த. மூன்றாம் முறை எதற்கென்று அவளுக்கே தெரியவில்லை.

தியானம் சொல்லித்தரும் நிறைமதி அம்மை அவளைவிடப் பன்னிரண்டு வயது இளையவர். குருவானாலும் அவளை அக்கா என்றுதான் அழைப்பார்.

"என்ன அக்கா, உட்கார்ற இடத்துல எறும்பா?"

"தங்கச்சி மேல போட்ட வழக்கை வாபஸ் வாங்கிட்டேன், தாயே."

"நல்லதுதானே."

"மனுவுல சர்வே எண் தப்பாப் போயிடுச்சு. அதைச் சொல்லித் திரும்ப வாங்கினோம். வேணும்னா மறுபடி போட்டுக்கலாம்னு நீதிபதி உத்தரவு குடுத்திருக்கார். அந்த உரிமையைக் கேட்காம விட்டா வழக்கு அதோட போச்சுன்னு வக்கீல் சொன்னார்."

"சரியாத்தான் சொல்லியிருக்கார்."

"வாபஸ்னு மட்டும் கேள்விப்பட்டுட்டு என் தங்கச்சி திலகா நேத்து வெத்தலை பாக்கோட வாசல்ல நிக்கிறா. நான் கிணத்துக்குப் போற பாதையை அடைச்சுச் சுவர் வெச்சவ! ரெண்டு வருஷமாப் பேச்சில்லை. 'யாழினிக்குக் கல்யாணம். நலங்குல முதல் சந்தனம் நீதான்க்கா பூசணும்'னு அழறா. யாழினி அவ பொண்ணுன்னாலும் நான் தூக்கி வளர்த்தவ, தாயே. போகணும். ஆனா பெட்டியில அந்த உத்தரவு இருக்கே. அதை வெச்சுக்கிட்டுப் போகலாமா? கிழிச்சுப் போட்டுட்டுப் போகணுமா?"

அம்மை எழுந்து அடுப்பங்கரைக்கு நடந்தார். குழம்புக்கு மிளகாய் அரைக்கச் சொன்னார்.

சொர்ணவல்லி அரைத்தாள். வாய் ஓயவில்லை. சுவர் எத்தனை அடி உயரம், எந்தக் கொத்தனார் கட்டியது, அன்று திலகா எந்தச் சேலையில் நின்று வேடிக்கை பார்த்தாள், எல்லாம் சொன்னாள். மிளகாய் மசிந்து வெகு நேரமாகியும் குழவி ஓடிக்கொண்டே இருந்தது.

"போதும் அக்கா. இனி அம்மிதான் தேயும்."

விழுதை வழித்து வைத்துவிட்டுக் கையை இரண்டு தரம் சோப்புப் போட்டுக் கழுவினாள்.

அடுப்பை ஊதிக்கொண்டிருந்த அம்மை சட்டென்று முகத்தைத் திருப்பினார்.

"கண்ணுல சாம்பல் விழுந்துடுச்சு. விரலால ஒத்தி எடுங்க."

சொர்ணவல்லியின் கை பாதி தூரம் போய் நின்றது.

"ஏன், கழுவிட்டீங்களே?"

"கழுவினேன். ஆனாலும் மிளகாய் அரைச்ச கை, தாயே. காரம் உள்ளேயே நிக்கும். உங்க கண்ணு என்னத்துக்கு ஆகும்?"

அம்மை தன் முந்தானை நுனியால் கண்ணை ஒற்றிக்கொண்டார்.

"நலங்கு என்னைக்கு?"

"இன்னும் நாலு நாள்ல. நான் கேட்டது அந்தக் காகிதத்தைப் பத்தி, தாயே..."

"சுவர் நிக்கிற வரைக்கும் காகிதம் பெட்டியிலேயே இருக்கட்டும். அந்தப் பொண்ணு முகத்துல படப்போறது காகிதம் இல்லையே, அக்கா."

சொர்ணவல்லி தன் விரல்களை மூக்கருகே கொண்டுபோய் முகர்ந்தாள். பிறகு தியானத்தில் உட்கார்ந்தவள் வெகு நேரம் எழுந்திருக்கவில்லை.