கொடியிலே ஒன்று, மலையிலே முப்பத்தேழு

கேளுங்கள் கண்ணுகளா, மலைக்குக்கூட ராஜா இருந்த காலம் அது. வெண்குன்ற நாட்டின் கொடியில் வரையாடு நிமிர்ந்து நிற்கும். பாறை உச்சியில் வாழும் காட்டாடு. ஆண்டுக்கொருமுறை அவற்றை எண்ணுவார்கள். எத்தனை ஆடோ, அரண்மனை முரசில் அத்தனை அடி.

முரசு நூற்றைத் தாண்டும். ஊரே மார்தட்டிக்கொள்ளும். நூறு இருக்கிறதே என்று அரசனும் வில்லோடு வேட்டைக்குப் போவான்.

அந்த வருஷம் எண்ணப் போனவள் பேராச்சி. கைக்குழந்தையை மார்போடு கட்டிக்கொண்டு பாறைமேல் அசையாமல் உட்கார்ந்தாள். முதல் நாள் ஆடுகள் ஓடின. இரண்டாம் நாள் நின்று பார்த்தன. மூன்றாம் நாள் அவளைச் சுற்றி மேய்ந்தன.

அப்போதுதான் கண்டாள். கொம்பு ஒடிந்த அதே கிடா காலையில் கிழக்குச் சரிவில், மதியம் தெற்கில், மாலையில் மேற்கில்! ஒரே மந்தைதான் மலையைச் சுற்றுகிறது. முன்னால் வந்தவர்கள் அதை மூன்று மந்தை என்று எண்ணிவிட்டார்கள். ஆடு குறைந்துகொண்டே வந்தது யாருக்கும் தெரியவில்லை.

மொத்தமே முப்பத்தேழு.

"நூற்றுக்குக் குறையாமல் சொல்லு தாயி," என்றார் மந்திரி. "இல்லையென்றால் அரசர் உன்னை நாடு கடத்திவிடுவார். இந்தப் பிஞ்சைத் தூக்கிக்கொண்டு எங்கே போவாய்?"

பேராச்சி மார்பில் தூங்கும் மகனைக் குனிந்து பார்த்தாள். 'இவன் வளர்ந்து மலையேறினால் எதைப் பார்ப்பான், வெறும் பாறையையா?' என்று நினைத்தாள்.

"முப்பத்தேழு," என்றாள் சபையில்.

முரசு முப்பத்தேழாம் அடியோடு சட்டென்று நின்றது. அரசன் எழுந்துவிட்டான். "என் கொடியைக் கேலி செய்கிறாயா?"

"கொடியிலே ஒன்று இருக்கிறது மகாராஜா. மலையிலே முப்பத்தேழுதான். நீங்களே வந்து எண்ணுங்கள். தப்பென்றால் நானே நாட்டைவிட்டுப் போகிறேன்."

அரசன் யானையில் போனான். ஒரு ஆடும் இல்லை. பல்லக்கில் போனான். ஒரு ஆடும் இல்லை. மூன்றாம் முறை கிரீடத்தையும் செருப்பையும் கழற்றிவிட்டுப் பேராச்சியோடு புல்லில் உட்கார்ந்தான். பொழுது சாயும்போது மந்தை வந்தது. மூச்சை அடக்கிக்கொண்டு விரல்விட்டு எண்ணினான்.

"முப்பத்தெட்டு! மாட்டிக்கொண்டாய் பெண்ணே!"

பேராச்சிக்கு உயிரே போய்விட்டது. உற்றுப் பார்த்தாள். ஒரு பெட்டையின் காலடியில், ஈரம் காயாத குட்டி எழுந்தது, விழுந்தது, மறுபடி எழுந்தது.

"அவர் இன்றைக்குத்தான் வந்திருக்கிறார், மகாராஜா!"

அரசன் சிரித்தான். கண் நிறைந்தது. "இனி என் வில் இந்த மலை ஏறாது," என்றான். இறங்கும் வழியெல்லாம், எதிரே வந்த விறகுக்காரரையும் விடாமல் நிறுத்தி நிறுத்திச் சொன்னான்: "முப்பத்தெட்டு ஐயா! நானே எண்ணினேன்!"

குறைந்ததைக் குறைந்தது என்று சொல்லத் துணிகிறவரால்தான் மிஞ்சியது பிழைக்கும்.