மடியில் இருந்த உரல்

பல் உள்ளவர்களும் கேளுங்கள், இல்லாதவர்களும் கேளுங்கள். வெகு காலத்துக்கு முன் வெண்குன்றம் என்ற நாட்டைக் கோவரையன் என்ற அரசர் ஆண்டுவந்தார். நல்ல அரசர்தான். ஆனால் அவர் வாய்விட்டுச் சிரித்து மூன்று வருடம் ஆயிற்று. அரசர் சிரிக்காத சபையில் வேறு யார் சிரிக்கத் துணிவார்? கொலுமண்டபம் துக்க வீடு மாதிரிக் கிடந்தது.

அரசருக்கே சலித்துவிட்டது. அரண்மனைக் கோமாளி ஒற்றியப்பனை அழைத்தார்.

“மூன்று நாள் தருகிறேன். என்னைச் சிரிக்க வை. முடியாவிட்டால் நீ இங்கே எதற்கு?”

ஒற்றியப்பனுக்கு வயது எழுபது. இந்த வயதில் மனைவியைக் கூட்டிக்கொண்டு எந்த ஊருக்குப் போவது?

முதல் நாள் அமைச்சரின் தொந்தியைக் கேலிக்கு எடுத்தான். “அமைச்சர் வருவதற்கு முன்னால் அவர் வயிறு வந்து வணக்கம் சொல்லிவிடும்!” அமைச்சர் முகம் சுருங்கியது. அரசர் சிரிக்கவில்லை.

இரண்டாம் நாள் தளபதியின் வழுக்கை. “அதில் பார்த்துப் பொட்டு வைத்துக்கொள்ளலாம்!” தளபதி தலையைக் குனிந்துகொண்டார். அரசர் சிரிக்கவில்லை.

“நாளைக்காவது யாரையும் வம்புக்கு இழுக்காம வாங்க” என்றாள் மனைவி நல்லம்மை.

மூன்றாம் நாள் அவன் யாரையும் வம்புக்கு இழுக்கவில்லை. பழைய பழக்கத்தில் ஒரு குட்டிக்கரணம் போட்டான். அங்கேதான் வந்தது வினை. அவன் மடியிலிருந்து ஏதோ நழுவி, டணங்கென்று விழுந்து, உருண்டு உருண்டு சிம்மாசனத்தின் அடியில் போய் நின்றது.

பல் போனவர்கள் வெற்றிலை பாக்கு இடிக்கிற சின்ன இரும்பு உரல் அது. இத்தனை வருடம் யாருக்கும் தெரியாமல் வைத்திருந்தான்.

உடனே அமைச்சரின் கை தம் மடியைத் தடவியது. தளபதியின் கையும் தடவியது. ஒற்றியப்பன் நிமிர்ந்து பார்த்தான். அரசரின் கைகூடப் பட்டாடைக்குள் அவசரமாக எதையோ தேடிக்கொண்டிருந்தது! மூன்று வருடமாக அந்த வாய் ஏன் திறக்கவில்லை என்று அப்போதுதான் அவனுக்கு விளங்கியது.

“யாருடையது இது?” என்றார் அரசர், உதட்டைப் பாதி மட்டும் திறந்து.

மூன்று பேரையும் சேர்த்து வாருகிற ஒரு கேலி நாக்கு நுனிவரை வந்தது. ஆனால் தளபதி நேற்றுத் தலைகுனிந்தது நினைவுக்கு வந்தது. வெட்கமாக இருந்தது. நாக்கை மடக்கிக்கொண்டான்.

“என்னுடையதுதான் மகாராஜா. வாயில் ஒரு பல் கிடையாது. போன வெள்ளிக்கிழமை நல்லம்மை ஒரு முறுக்குக் கொடுத்தாள். விடிந்ததிலிருந்து பொழுது சாய்கிறவரை அதோடு மல்லுக்கட்டினேன். கடைசியில் முறுக்கே என்மேல் பரிதாபப்பட்டு ஊறிக்கொடுத்தது.”

சொல்லிவிட்டு வாயை ஆவென்று திறந்து காட்டினான்.

முதலில் அரசரின் தோள் குலுங்கியது. பிறகு வயிறு குலுங்கியது. பிறகு வாயே திறந்துகொண்டது. உள்ளே மேலே இரண்டு பல், கீழே ஒன்று. கண்ணைத் துடைத்துக்கொண்டு தம் உரலை வெளியே எடுத்தார். தங்க உரல், ஆனால் இடிப்பதென்னவோ அதே பாக்குதான். அமைச்சரும் எடுத்தார், தளபதியும் எடுத்தார். அன்று ராஜ்ய காரியம் ஒன்றும் நடக்கவில்லை. மண்டபம் முழுக்க டொக் டொக்கென்ற சத்தமும் சிரிப்பும்தான். நடுவில் உட்கார்ந்து ஒற்றியப்பனும் இடித்துக்கொண்டிருந்தான்.

ஆகவே பெரியோரே, பிறர் குறையைக் குத்திக்காட்டாமல் தன் குறையைத் தானே சொல்லிச் சிரிக்கிறவன், கூட இருப்பவர்களின் வெட்கத்தையும் சேர்த்தே போக்கிவிடுகிறான்.